வின்சென்ட், டேவிட்

இங்கிலாந்தின் உழைக்கும் மக்கள் எழுத்தறிவு பெற்ற வரலாற்றை எழுதிய பிரிட்டிஷ் சமூக வரலாற்றாசிரியர். கீல் பல்கலைக்கழகப் பேராசிரியராக இருந்தவர். 'பிரெட், நாலெட்ஜ் அண்ட் ஃபிரீடம்' (1981) என்ற நூல், தொழிலாளர்கள் தம் கைப்பட எழுதிய தன்வரலாறுகளை ஆராய்கிறது; குழந்தையின் சாவு, வேலையின்மை, இரவல் புத்தகம் எல்லாம் அவர்களின் சொந்தச் சொற்களிலேயே வருகின்றன. 'லிட்டரசி அண்ட் பாப்புலர் கல்ச்சர்' (1989) 1750 முதல் 1914 வரையிலான காலத்தைப் பற்றியது. திருமணப் பதிவேட்டில் மணமக்கள் கையெழுத்திட்டார்களா, வெறும் சிலுவைக்குறி போட்டார்களா என்பது இதில் முக்கியச் சான்று. ஆனால் எண்ணிக்கையோடு அவர் நிற்கவில்லை. எழுதக் கற்றவர் அதை எதற்குப் பயன்படுத்தினார் என்று கேட்டார். எடுத்துக்காட்டாக, 1840இல் ஒரு பென்னிக்குக் கடிதம் அனுப்பும் வசதி வந்த பிறகும் ஏழைகள் உடனே கடிதம் எழுதிக் குவித்துவிடவில்லை. பள்ளியை மட்டுமே வைத்துக் கல்வி வரலாறு எழுதுவோர் தவறவிடுவது எழுத்தின் இந்தப் பயன்பாட்டைத்தான். அவரை வாசிக்கத் தொடங்குவோருக்கு 'பிரெட், நாலெட்ஜ் அண்ட் ஃபிரீடம்' நூலே ஏற்றது.