வேங்கடத்துப் புல்லிக்குப் பின் யார்? குடித்தலைமையும் அரசுரிமையும்: ஓர் ஒப்பாய்வு

சந்திரகிரி மலைப்பகுதியில் தோன்றி, திருப்பதியையும் காளத்தியையும் தொட்டு, நாயுடுபேட்டை வழியாக வங்கக் கடலில் கலக்கிறது சுவர்ணமுகி. தமிழ் இலக்கியம் பொன்முகலி என்று வழங்கிய ஆறு இது. ஆற்றின் மேற்கே வேங்கட மலை; அதன் தலைவனாகச் சங்கப் பாடல்கள் காட்டுபவன் கள்வர் கோமான் புல்லி. வடக்கே கூடூர் வட்டாரத்தில் கடலை ஒட்டிய பவத்திரி. அது திரையனின் ஊர் என்கிறது அகநானூறு (340). கூடூர்ப் பக்கத்து ரெட்டிபாளையமே அந்தப் பவத்திரி என்பது அறிஞர் கருத்து. 2022இல் திருப்பதி மாவட்டத்தோடு சேர்க்கப்பட்ட நாயுடுபேட்டை, இந்த மலைக்கும் அந்தக் கடற்கரைக்கும் இடைப்பட்ட சமவெளி. சில நூற்றாண்டுகள் கழித்து இதற்கு வடக்கிலுள்ள நெல்லூர், குண்டூர்ப் பகுதிகளில்தான் முற்காலப் பல்லவர் ஊர்க்கொடைகளைச் செப்பேடுகளில் பொறித்தனர்.

ஆக, வேள்வி செய்து முடிசூடும் அரசு வருவதற்கு முன்னும் பின்னும் தலைமை எவ்வாறு கைமாறியது என்பதை இந்த ஒரே நிலப்பகுதியை வைத்து ஆராய இயலும். குடித்தலைமைக் காலத்தில் உரிமை முறையே இல்லை, வலுத்தவன் கையில் ஆட்சி இருந்தது. வைதிக அரசு வந்ததும் தந்தைக்குப் பின் மகன் என்ற ஒழுங்கு ஏற்பட்டது என்று சொல்வது வழக்கம். இக்கட்டுரை அதை மறுக்கிறது. உறவினருள் தக்கவனைத் தேர்ந்து ஏற்கும் முறை முன்பும் இருந்தது, பின்பும் தொடர்ந்தது. புதிதாக வந்தது, தேர்வு முடிந்தபின் அதைத் தந்தை மகன் வரிசையாக எழுதிவைக்க வேண்டிய கட்டாயம். இதே மாற்றத்தைக் கிறித்தவ அரசாக மாறிய காலத்து ஹங்கேரியிலும் காண முடிவதால், அந்நாட்டுச் சான்றுகளும் இங்கே ஒப்புநோக்கப்படுகின்றன.

பாடல் காட்டும் தலைமை

புல்லியைப் பற்றி அகநானூற்றில் பல குறிப்புகள் உள்ளன. மாமூலனார் பாடியவை அவற்றுள் முதன்மையானவை. அவன் மழவர் நாட்டைப் பணியவைத்தவன். அவன் வேங்கடம் விழாக்களால் புகழ் பெற்றது. அவனுடைய மக்கள் யானைத் தந்தத்தையும் கள்ளையும் விற்று நெல் பெற்று மகிழ்ந்தனர் (61). மலைப்பொருளைக் கொடுத்துச் சமவெளி நெல்லை வாங்கிய சமூகம் அது. தலைவனின் வளம் வரியில் இல்லை, இந்தப் பண்டமாற்றில் இருந்தது. ஆனால் புல்லியின் தந்தை யார், மகன் யார் என்று பாடல்கள் சொல்வதில்லை.

அதே வேங்கடத்தைத் திரையனுடையது என்கிறது வேறொரு பாடல் (85). தொண்டையர் பெயரோடு சேர்க்கிறது இன்னொன்று (213). ஆதனுங்கனை வேங்கடத் தலைவனாகக் காட்டுகிறது புறநானூறு. இவர்களை ஒருவர்பின் ஒருவராக அடுக்கிப் பட்டியலிட முயன்றவர்கள் உண்டு. பாடல்கள் அதற்கு இடம் தருவதில்லை. மலையின் வெவ்வேறு பக்கங்களில் ஒரே காலத்தில் பல தலைவர்கள் இருந்திருக்கலாம்.

கள்ளில் ஆத்திரையனார் பாடிய புறநானூற்று 389ஆம் பாடலை நெருங்கிப் பார்ப்பது பயன் தரும். வேம்பின் காயும் வற்றி வதங்கும் கோடை. தாய்ப்பிடி வருந்த அதன் கன்றைப் பிடித்துவந்து மலையூரின் மன்றத்தில் கட்டிவைத்திருக்கிறார்கள். முன்பு வாரி வழங்கிய ஆதனுங்கனை இப்போது சென்று காண வழியில்லை. ஆகவே புலவர் எதிரிலுள்ள தலைவனிடம், ஆதனுங்கனைப் போல நீயும் கொடு என்று கேட்கிறார். நீ இன்னாருடைய மகன், ஆகவே கொடுக்கக் கடமைப்பட்டவன் என்ற வாதமே அங்கு எழவில்லை. கொடையை ஏற்று நடத்துபவனே முன்னவனின் இடத்துக்கு வருகிறான். அந்த ஏற்பைப் பலரறியச் சொல்லும் வாய் பாணருக்கும் புலவருக்கும் உரியது.

பிறப்பு இங்கே பொருட்டே இல்லை என்று இதற்குப் பொருள் கொள்ளலாகாது. மூவேந்தரிடையே குருதியுரிமை முழுமையாகவே இருந்தது. சோழன் நலங்கிள்ளியும் நெடுங்கிள்ளியும் மோதியபோது, தோற்பது எவராயினும் தோற்பது உங்கள் குடியே என்று இருவரையும் இடித்துரைத்தார் கோவூர்கிழார் (புறம் 45). கோப்பெருஞ்சோழன் தன் மக்களோடு போருக்கு எழுந்தபோது, உனக்குப் பின் இந்நாடு அவர்களுக்குத்தானே என்று தடுத்தார் புல்லாற்றூர் எயிற்றியனார் (213). குடிக்குள் பிறந்த எவனும் தகுதியுடையவன்; அவர்களுள் எவன் என்பதே தீராத சிக்கல். பெரிய அரசிலேயே நிலைமை இது என்றால், மலைத்தலைமையில் பிறப்புரிமை மேலும் நெகிழ்ந்திருக்கும் என்று கொள்வது மிகையாகாது.

செப்பேடு காட்டும் வரிசை

பல்லவரின் பழைய பிராகிருதச் செப்பேடுகள் இம்மாற்றத்தின் முதல் படியைக் காட்டுகின்றன. மயிதவோலுச் செப்பேட்டில் சிவஸ்கந்தவர்மன் இளவரசனாகக் காஞ்சியிலிருந்து தான்யகடகத்து அதிகாரிக்கு ஆணையிடுகிறான். ஹிரஹடகள்ளிச் செப்பேட்டில் அவன் அரசன். அக்னிஷ்டோமம், வாஜபேயம், அசுவமேதம் ஆகிய வேள்விகளைச் செய்தவன். அப்பட்டயத்தில் அவன் தந்தை 'பப்பா' என்ற சொல்லால் மட்டும் குறிக்கப்படுகிறார், இயற்பெயர் இல்லை. வேள்விகளைப் பெயர் பெயராக எண்ணிச் சொன்ன அரசனுக்குத் தந்தையின் பெயரைச் சொல்லும் தேவை அப்போது எழவில்லை.

சமஸ்கிருதச் செப்பேடுகளில் நிலைமை மாறுகிறது. நெல்லூர்ப் பகுதியான முண்டராட்டிரத்து உருவுப்பள்ளி என்ற ஊரை, சேனாபதி விஷ்ணுவர்மன் கந்துகூரில் எழுப்பிய கோயிலுக்கு வழங்கும் பட்டயம் ஒன்று உண்டு. வழங்குபவன் யுவமகாராஜன் விஷ்ணுகோபவர்மன். வெளியிட்ட இடம் பலக்கடம். கொள்ளுப்பாட்டன் ஸ்கந்தவர்மன், பாட்டன் வீரவர்மன், தந்தை ஸ்கந்தவர்மன் என்று தன் மரபை முறையாக அடுக்கிவிட்டு, பட்டயத்தின் காலத்தை அவன் சிம்மவர்ம மகாராஜனின் 11ஆம் ஆட்சியாண்டு என்று குறிக்கிறான். அந்தச் சிம்மவர்மன் தனக்கு என்ன உறவு என்பதைச் சொல்லவில்லை. தமையனாக இருக்க வேண்டும் என்பது ஆய்வாளர் பலரின் முடிவு.

விஷ்ணுகோபன் கடைசிவரை யுவமகாராஜனாகவே பட்டயங்களில் நிற்கிறான். ஆனால் அவனுடைய மகன், மற்றொரு சிம்மவர்மன், மகாராஜனாகிறான். மங்களூர், பிகிரா முதலிய பட்டயங்களில் இவன் தரும் வரிசை: கொள்ளுப்பாட்டன் வீரவர்மன், பாட்டன் ஸ்கந்தவர்மன், தந்தை யுவமகாராஜன் விஷ்ணுகோபன். பெரிய தந்தையாக இருக்கக்கூடிய முதல் சிம்மவர்மன் அதில் இல்லை. நாட்டை ஆண்டவன் விடுபட்டான், ஆளாதவன் இடம்பெற்றான். செப்பேட்டு வரிசை பிறப்பின் வரிசை என்பதற்கும், ஆட்சியின் வரிசை அதிலிருந்து வேறானது என்பதற்கும் இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை. ஆட்சி பக்கவாட்டில் நகர்ந்தது. எழுத்து நேர்கோட்டில் ஓடியது.

பல்லவமல்லனின் இரு தந்தையர்

கி.பி. 731ஐ ஒட்டி இரண்டாம் பரமேசுவரவர்மன் இறந்தபோது சிம்மவிஷ்ணுவின் நேர்வழி அற்றுப்போனது. அடுத்து நடந்ததைக் காஞ்சி வைகுந்தப் பெருமாள் கோயிலின் சுற்றுச்சுவர்ச் சிற்பங்களும் அவற்றின் குறிப்பெழுத்துகளும் சொல்கின்றன. மாத்திரர், கடிகையார், மூலப்பிரகிருதியார் ஆகிய குழுவினர் இரணியவர்மனிடம் சென்று அரசன் வேண்டும் என்று கேட்கின்றனர். அவன் தன் மக்களை அழைத்து வினவுகிறான். சீமல்லன், இரணமல்லன், சங்கிராமமல்லன் ஆகிய மூவரும் மறுக்கின்றனர். பன்னிரண்டு வயதுப் பல்லவமல்லன் தான் போவதாகச் சொல்கிறான். காடும் மலையும் ஆறும் கடந்து காஞ்சி வந்து, நந்திவர்மன் என்ற பெயரோடு முடிசூடுகிறான்.

வைதிக அரசு வேரூன்றிப் பல தலைமுறைகள் கழிந்த பின்பும், குழுவாகக் கூடித் தேர்வதும், அழைப்பை மறுப்பதும், ஏற்பதும் கோயிலின் சுவரில் பெருமையோடு செதுக்கப்பட்டன. அவனுடைய 22ஆம் ஆட்சியாண்டுக் காசாக்குடிச் செப்பேடும், குடிமக்களால் தேர்ந்தெடுக்கப்பட்டவன் என்றே அவனைச் சொல்லி, சிம்மவிஷ்ணுவின் தம்பி பீமவர்மன் வழியில் இரணியன் மகனாக அவனை வைக்கிறது. உதயேந்திரச் செப்பேடோ அவனை இரண்டாம் பரமேசுவரவர்மனின் மகன் ஆக்கிவிடுகிறது. இப்பட்டயம் பிற்காலப் படி என்ற கருத்து உண்டு. அப்படியே இருந்தாலும் நம் வாதம் வலுக்கிறதே தவிரக் குறைவதில்லை: காலம் செல்லச் செல்லத் தேர்வு மறைந்து மகன் முறை முன்னுக்கு வந்திருக்கிறது. அதே பட்டயம், நந்திபுரத்தில் முற்றுகையில் சிக்கிய பல்லவமல்லனைப் படைத்தலைவன் உதயசந்திரன் மீட்டதையும், பல்லவ அரசன் சித்திரமாயனைத் தன் கையாலேயே கொன்றதையும் கூறுகிறது. தேர்வை ஏற்காத உறவினன் ஒருவன் இருந்தான். வாளால்தான் அவன் வழக்கு முடிந்தது.

ஹங்கேரியின் சான்று

ஹங்கேரியரின் முன்னோரான மஜ்யார் குடிகள் ஏழு. அவற்றோடு சேர்ந்த கபார்கள் மூன்று பிரிவினர். இவர்களின் முதல் தலைமை பற்றி பைசாந்தியப் பேரரசர் ஏழாம் கான்ஸ்டன்டைன் 950ஐ ஒட்டித் தொகுத்த நூலில் ஒரு செய்தி உள்ளது. கசார் மன்னன் லெவெதி என்ற குடித்தலைவனை அழைத்து எல்லோருக்கும் மேலான தலைமையைத் தருவதாகச் சொல்கிறான். தனக்கு அந்த வலு இல்லை என்று லெவெதி மறுத்து, ஆல்மோஷும் அவன் மகன் ஆர்பாதும் இருக்கிறார்கள், அவர்களுள் ஒருவரை ஆக்கலாம் என்கிறான். குடிகள் ஆர்பாதைத் தேர்ந்து, கசார் வழக்கப்படி கேடயத்தின் மேல் தூக்கித் தலைவனாக்குகின்றன. தந்தை உயிரோடிருக்க மகன் தேர்வானதும், அழைக்கப்பட்டவன் மறுத்ததும், பலர் கூடி உயர்த்தியதும் காஞ்சிச் சுவரைப் பார்த்தவர்களுக்குப் பழகிய காட்சிகள்.

ஆர்பாதுக்குப் பின் தலைமை நேராக இறங்கவில்லை. கான்ஸ்டன்டைன் எழுதும் காலத்தில் தலைவனாக இருந்த ஃபாய்ஸ், ஆர்பாதின் பேரன்களுள் ஒருவன். உறவில் மூத்தவனுக்கு முதலிடம் என்ற வழக்கு அங்கே வலுவாக இருந்தது. 997இல் மஜ்யார் தலைவன் கேஸா இறந்தபோது அது நேரடிப் போரானது. உறவில் மூத்தவன் கொப்பாணி. கேஸாவின் கைம்பெண்ணை மணந்து தலைமையை ஏற்பது பழைய வழக்கப்படி தன் உரிமை என்றான். கேஸாவின் மகன் இஷ்த்வான் கிறித்தவன். தந்தைக்குப் பின் மகன் என்ற முறையைப் பற்றி நின்றான். ஜெர்மானியக் குதிரைவீரர்களின் துணையோடு இஷ்த்வான் வென்றான். கொப்பாணியின் உடல் நான்காக வெட்டப்பட்டு நாட்டின் கோட்டைவாயில்களில் தொங்கவிடப்பட்டது. 1000ஆம் ஆண்டின் இறுதியில் அல்லது 1001இன் தொடக்கத்தில் இஷ்த்வான் முடிசூடினான்.

கிறித்தவ முடி சிக்கலைத் தீர்த்துவிட்டதா? இஷ்த்வானின் மகன் இம்ரே 1031இல் இறந்தான். தந்தைவழி உறவினனான வஸுலின் கண்கள் பறிக்கப்பட்டு, அரசு தங்கை மகன் பீட்டருக்குப் போனது. ஆனால் 1046இல் அரசேறிய ஆன்ட்ராஷ் வஸுலின் மகன். ஆர்பாத் மரபின் பிற்கால அரசர் அனைவரும் வஸுல் வழியினரே. பின்னர் எழுந்த வரலாற்று நூல்களோ அந்தப் பிள்ளைகளை வஸுலின் உடன்பிறந்தான் லாஸ்லோவின் மக்களாக மாற்றி எழுதின. புனிதராகப் போற்றப்பட்ட அரசன் இஷ்த்வானால் தண்டிக்கப்பட்டவனின் வழியில் அரசர் வந்தார்கள் என்று எழுதக் கூச்சப்பட்டிருக்க வேண்டும். உதயேந்திரச் செப்பேட்டில் நிகழ்ந்த தந்தை மாற்றம் இங்கேயும் நிகழ்ந்திருக்கிறது.

மறுப்புகள்

இரு மறுப்புகள் எழலாம். முதலாவது, பல்லவமல்லனின் தேர்வுக் கதை அவன் தரப்பே சொன்னது. அரசைக் கவர்ந்தவன் தன்னை நியாயப்படுத்தக் கட்டிய புனைவாக இருக்கலாம் என்பது. ஏற்கத்தக்க ஐயம் இது. ஆயினும் புனைவும் கேட்பவர் நம்பும் அடித்தளத்தின் மேல்தான் நிற்க முடியும். குழு கூடி அரசனைத் தேர்வது இயல்பானது என்று காஞ்சி மக்கள் கருதியிருக்காவிட்டால், அதைக் கோயிற் சுவரில் செதுக்குவதால் அவனுக்கு எந்தப் பயனும் கிட்டியிருக்காது.

இரண்டாவது, புல்வெளிக் குதிரைப்படைச் சமூகத்தையும் தென்னிந்திய மலைக்குடிகளையும் ஒப்பிடலாமா என்பது. இரண்டுக்கும் தொடர்பு இருந்ததாக இக்கட்டுரை கூறவில்லை. மஜ்யார்களின் மேல் கசார் மன்னன் என்ற பெரிய அதிகாரம் இருந்தது. புல்லிக்கு மேல் அப்படி ஒருவன் இருந்ததாகப் பாடல்களில் இல்லை. ஒப்பீடு, சான்றுகளின் தன்மை பற்றியது. குடித்தலைமைக் காலத்தை நமக்குச் சொல்பவர்கள் இரு இடத்திலும் வெளியார்: அங்கே பைசாந்தியப் பேரரசர், இங்கே பரிசில் தேடி வந்த புலவர். அவர்களுக்கு மரபுப் பட்டியலால் ஆகவேண்டியது எதுவும் இல்லை. அரசு நிலைத்தபின் எழுதுபவர்கள் அரசவையைச் சேர்ந்தவர்கள்; பட்டியல் இல்லாமல் அவர்களுக்கு எதுவும் ஆகாது. வேள்விப் பயனும் கோயிற்கொடையும் தலைமுறைகளின் பெயர் சொல்லியே பதிவாக வேண்டியிருந்தன. எழுதுவோர் மாறியதைக் கண்டு உரிமை முறையே மாறிவிட்டது என்று நாம் கொண்டுவிட்டோம்.

மரபின் தொடக்கத்தில் வைக்கப்படும் பெண்களும் இதையே உணர்த்துகிறார்கள். வேலூர்ப்பாளையம் செப்பேட்டில் வீரகூர்ச்சன் நாக அரசன் மகளை மணந்ததோடு அரசச் சின்னங்களைப் பெறுகிறான். ஹங்கேரிய மரபில் துருல் பறவையைக் கனவில் கண்ட எமெஷே ஆல்மோஷைப் பெறுகிறாள். பெண்வழியாகத் தலைமை வந்துசேர்ந்த நினைவைக் கதைகள் காப்பாற்றுகின்றன. அதற்கு அடுத்த படியிலேயே வரிசை ஆண்களின் பெயர்களாக மட்டும் ஆகிவிடுகிறது.

முடிவாக

முற்காலப் பல்லவர் கால அட்டவணைகளில் எந்த ஸ்கந்தவர்மன், எந்தச் சிம்மவர்மன் என்ற குழப்பம் இன்றும் தீரவில்லை. சிம்மவர்மனின் 22ஆம் ஆட்சியாண்டைச் சக ஆண்டு 380க்கு, அதாவது கி.பி. 458க்கு, இணையாக்கும் 'லோகவிபாகம்' என்ற சமண நூலே உறுதியான பிடிமானங்களுள் ஒன்று. குழப்பத்தின் பெரும்பகுதி, தந்தை மகன் வரிசையை ஆட்சி வரிசையாகப் படிப்பதால் விளைந்தது. கொடுத்தவனின் முன்னோர் யார், எவருடைய ஆட்சியாண்டில் கொடுத்தான் என்ற இரண்டு செய்திகளையும் ஒவ்வொரு பட்டயத்திலிருந்தும் தனித்தனியே பிரித்தெடுத்து, இரண்டு அட்டவணைகளாக வைத்துக்கொண்டு ஒப்பிடுவதே முறையாகும். அவை பொருந்தாத இடங்களைப் பொறித்தவரின் பிழை என்றோ போலிப் பட்டயம் என்றோ உடனே தள்ளிவிடக் கூடாது. அண்ணன், தம்பி, சிற்றப்பன், மருமகன் என்று உறவுக்குள் ஆட்சி நகர்ந்த தடம் பெரும்பாலும் அந்தப் பொருந்தாமையில்தான் எஞ்சியிருக்கிறது. புல்லிக்குப் பின் யார் என்று நம்மால் பெயர் சொல்ல முடியாது. ஆனால் அவனுக்குப் பின் வந்தவன் அவனுடைய மூத்த மகனாகத்தான் இருக்க வேண்டும் என்ற ஊகத்தைச் செப்பேடுகளை வைத்து நிறுவவும் முடியாது. செப்பேட்டு அரசர்களே அந்த விதிப்படி ஆட்சிக்கு வரவில்லை.