முற்றத்தின்மேல் ஒரு துணி

'பதேர் பாஞ்சாலி'க்கு ஒளிப்பதிவு செய்ய வந்தபோது சுப்ரத மித்ரா அதற்குமுன் திரைப்படக் கருவியை இயக்கியதே இல்லை. பிரெஞ்சு இயக்குநர் ரெனுவார் வங்கத்தில் 'தி ரிவர்' படமெடுத்தபோது அருகிருந்து பார்த்துக் குறிப்பெடுத்ததே அவர் பெற்ற பயிற்சி.

அடுத்த படமான 'அபராஜிதோ'வுக்காக (1956) காசி வீடொன்றின் திறந்த முற்றத்தைக் கல்கத்தாப் படப்பிடிப்பு அரங்கினுள் அமைக்க வேண்டியதாயிற்று. முற்றத்தில் வானொளி பரவி விழும். விளக்குகளை நேரே பாய்ச்சினாலோ ஒருவருக்கே பல நிழல்கள் எழும். மித்ரா மேலே வெள்ளைத் துணியை விரித்துக் கட்டி, கீழிருந்து விளக்கொளியை அதன்மீது செலுத்தினார். பட்டுத் திரும்பிய ஒளி பகலொளியாயிற்று. இன்று காணும் நமக்கும் அது அரங்கெனத் தோன்றுவதில்லை. அபுவின் தந்தை நோயில் விழுவது அவ்வீட்டில்தான். ஒளி பொய்த்திருந்தால் அத்துயரை நாம் நம்பியிரோம்.