ஆள் விடுதலை, வண்டி?

திண்டிவனத்துப் பதிவான டி.என் 16 பலகை மாட்டிய ஒரு டூவீலர். செஞ்சியை அடுத்த வல்லம் வட்டாரத்தில் பால் கேனும் உரமூட்டையும் சுமக்கிற வண்டி. தெரிந்தவர் ஒருவர் இரவல் வாங்கிப் போகிறார். வாகனச் சோதனையில் சீட்டுக்கடியில் கஞ்சாப் பொட்டலம் அகப்படுகிறது. வண்டி என் கற்பனை. இனி அது போகும் பாதை சட்டம் போட்டு வைத்தது.

சாலையோரத்திலேயே மகஜர் எழுதி, இன்ஜின் எண், சேஸிஸ் எண் குறித்து, சாட்சிகளிடம் கையெழுத்து வாங்குகிறார்கள். படிவம் 95-இல் ஏறி நீதிமன்றக் கணக்குக்குப் போகிறது வண்டி. கணக்கு அங்கே, வண்டி ஸ்டேஷன் மதிலோரம். அன்று முதல் அது 'கேஸ் வண்டி'. முதலில் பேட்டரி போகும், பிறகு டயர். இன்சூரன்ஸ் முடியும். ஃபைனான்ஸ் டியூ மட்டும் நிற்காது.

இப்படி வண்டிகளை மட்க விடாதீர்கள், போட்டோ எடுத்து, பிணைப்பத்திரம் வாங்கிக்கொண்டு கொடுத்துவிடுங்கள் என்று 2002-லேயே சுந்தர்பாய் அம்பாலால் தேசாய் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஆனால் போதைப்பொருள் வழக்கு என்றால் பல நீதிமன்றங்கள் தயங்கின. 2024 ஜூலையில் சத்தீஸ்கரிலிருந்து இராணிப்பேட்டைக்கு இரும்புத் தகடு ஏற்றி வந்த லாரி தமிழ்நாட்டில் பிடிபட்டது. டிரைவரிடமும் கூட வந்த மூவரிடமும் மொத்தம் 6 கிலோ கஞ்சா. உரிமையாளர் மேல் வழக்கே இல்லை. இருந்தும் லாரி கிடைக்கவில்லை. பிடிபட்ட போதைப்பொருளை அகற்றுவது பற்றிய 2022 விதிகளின்படி அகற்றல் குழுவைத்தான் அணுக வேண்டும் என்றது சென்னை உயர் நீதிமன்றம். 2025 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது: விதி சட்டத்தை மீற முடியாது, உரிமையாளரைக் கேட்டு முடிவெடுக்கும் அதிகாரம் சிறப்பு நீதிமன்றத்துக்கு உண்டு.

இடைக்காலத்தில் கிடைக்காத வண்டி, பெரும்பாலும் தீர்ப்பு நாள்வரை மதிலோரம்தான். தீர்ப்பில் ஆள் விடுதலையாகக் காரணங்கள் பல: சாட்சி பிறழ்வது, உடல் சோதனையில் போதைப்பொருள் சட்டத்தின் 50-ஆம் பிரிவை மீறுவது, மாதிரி எடுத்ததில் கோளாறு. 2020-ல் சென்னை மெரினா போலீசார் 22 கிலோ கஞ்சாவுடன் இருவரைப் பிடித்த வழக்கில், கோர்ட்டுக்கு வந்தது சொற்ப கிராம். மிச்சத்தை எலி தின்றுவிட்டது என்றார்கள். 2023-ல் இருவரும் விடுதலை.

ஆள் வீட்டுக்குப் போகலாம். வண்டிக்கு இன்னொரு விசாரணை மிச்சமிருக்கிறது. குற்றவாளி என்று தீர்ப்பானாலும் விடுதலையானாலும் பிடிபட்ட பொருள் பறிமுதலுக்கு உரியதா என்பதை நீதிமன்றம் தனியாக முடிவுசெய்யும் என்கிறது போதைப்பொருள் சட்டத்தின் 63-ஆம் பிரிவு. வண்டி கடத்தலுக்குப் பயன்பட்டதாக நீதிமன்றம் கருதினால், மெய்ப்பிக்கும் சுமை உரிமையாளர் தலையில்: தனக்கும் வண்டியை ஓட்டியவருக்கும் எதுவும் தெரியாது, நியாயமான எச்சரிக்கையோடு இருந்தோம் என்று 60-ஆம் பிரிவின்படி அவர் காட்ட வேண்டும். போதைப் பணத்தில் வாங்கியது என்று முடக்கிய வீடும் நிலமும்கூட, விடுதலை உறுதியானால் விடுபடும் என்று அதே சட்டத்தின் 68இசட் சொல்கிறது. வண்டிக்கு அப்படியொரு வரி கிடையாது.

திருப்பிக் கொடுக்க உத்தரவு வந்தாலும் உடனே சாவி கைக்கு வராது. பிணைப்பத்திரம் எழுதிக் கொடுத்தாலொழிய இரண்டு மாதம் பொறுக்க வேண்டும். அரசு மேல்முறையீடு போட்டால் அது முடியும்வரை. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 452, இன்றைய பி.என்.எஸ்.எஸ் 498 இரண்டிலும் இதுதான். அடுத்த கேள்வி, யார் கைக்கு? செகண்ட் ஹேண்டில் வாங்கிப் பெயர் மாற்றாமல் ஓட்டுவது நம் கிராமங்களில் சாதாரணம். நீதிமன்றம் பார்ப்பது ஆர்.சி. புத்தகத்தை. அதில் பெயருள்ளவர் எப்போதோ ஊரை விட்டுப் போயிருப்பார். அவரைத் தேடிப் பிடித்துக் கூட்டி வர வேண்டும்.

யாரும் உரிமை கோரி வராத வண்டி கடைசியில் ஏலத்துக்குப் போய், இரும்பு விலைக்குக் கைமாறும். மனுப் போட்டு, வக்கீல் ஃபீஸ் கொடுத்து, பல தடவை பஸ் ஏறி மீட்கிற செலவு வண்டியின் மதிப்பைத் தாண்டிவிடும் என்பதால் விட்டுவிடுகிறவர்கள் உண்டு. ஆகவே விடுதலைக்கு வாதாடும் வக்கீலிடம், தீர்ப்பின் கடைசிப் பத்தியில் சொத்து பற்றிய உத்தரவையும் சேர்த்துக் கேட்கச் சொல்ல வேண்டும். அங்கே வண்டியின் எண் இல்லையென்றால், உரிமையாளருக்கு வழக்கு அன்றுதான் தொடங்குகிறது.