காரைக்காலின் பொது நிதியும் பணவீக்கமும்

காரைக்காலின் பொது நிதி என்பது புதுச்சேரி ஒன்றியப் பகுதியைச் (யூனியன் பிரதேசம்) சேர்ந்த காரைக்கால் மாவட்டத்தில் அரசு திரட்டும் வருவாயையும் அங்கு செய்யும் செலவையும் குறிக்கும். காவிரிக் கழிமுகத்தில் அமைந்துள்ள இம்மாவட்டத்தின் கிழக்கே வங்காள விரிகுடாவும் ஏனைய மூன்று புறங்களிலும் தமிழ்நாடும் உள்ளன. 2011ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி இதன் மக்கள்தொகை 2,00,222 ஆகும். காரைக்காலுக்கெனத் தனி வரவு செலவுத் திட்டம் கிடையாது. வரி விதிக்கும் உரிமை இந்திய ஒன்றிய அரசிடமும் புதுச்சேரி அரசிடமும் உள்ளது; பணத்தாள் வெளியிடும் உரிமை இந்திய ரிசர்வ் வங்கியிடம் உள்ளது. எனவே பணவீக்கத்தைத் தானே உண்டாக்கவோ தடுக்கவோ இயலாத ஒரு சிறு பகுதி, அதன் விளைவுகளை எவ்வாறு எதிர்கொள்கிறது என்பதற்குக் காரைக்கால் ஓர் எடுத்துக்காட்டாக விளங்குகிறது.

அடிப்படைக் கருத்துகள்

பொருள்கள், சேவைகள் ஆகியவற்றின் பொது விலைமட்டம் தொடர்ந்து உயர்வதும், அதனால் பணத்தின் வாங்கும் திறன் குறைவதும் பணவீக்கம் எனப்படும். வரி, செலவு, கடன் ஆகியவற்றைக் கொண்டு அரசு பொருளாதாரத்தை நெறிப்படுத்துவது நிதிக் கொள்கை (இறைக் கொள்கை) ஆகும். நிதிக் கொள்கை பணவீக்கத்தை மூன்று வழிகளில் பாதிக்கலாம்.

1. உற்பத்தித் திறனை மிஞ்சும் அளவுக்கு அரசின் செலவு தேவையைப் பெருக்குதல்.
2. பற்றாக்குறையை ஈடுசெய்ய மைய வங்கி புதிய பணத்தை உருவாக்குதல்.
3. மறைமுக வரிகளும் அரசு நிர்ணயிக்கும் கட்டணங்களும் விலையில் சேர்தல்.

இவற்றுள் இரண்டாம் வழி இந்தியாவில் படிப்படியாக அடைக்கப்பட்டது. ஒன்றிய அரசு ரிசர்வ் வங்கியிடம் தற்காலிகக் கருவூல உண்டியல்கள் மூலம் பணம் பெறும் முறை 1997இல் முடிவுக்கு வந்தது. 2003ஆம் ஆண்டின் நிதிப் பொறுப்புச் சட்டப்படி, 2006 ஏப்ரல் முதல் ரிசர்வ் வங்கி அரசுக் கடன் பத்திரங்களை வெளியீட்டின்போது நேரடியாக வாங்குவது பொதுவாகத் தடை செய்யப்பட்டது.

வரலாறு

காரைக்கால் 1739இல் பிரெஞ்சுக்காரர் வசமானது. பிரெஞ்சிந்தியாவில் பிராங்கு அன்றி ரூபாயே வழங்கியது. 1875இல் நிறுவப்பட்ட இந்தோசீன வங்கி, தன் புதுச்சேரிக் கிளை வழியாக ரூபாய்த் தாள்களை வெளியிட்டது. 1941இல் ஏற்பட்ட சுங்க ஒன்றியத்தால் பிரித்தானிய இந்தியாவுக்கும் பிரெஞ்சுப் பகுதிகளுக்கும் இடையிலான சுங்கத் தடை நீங்கியது.

இரண்டாம் உலகப் போரின்போது பிரித்தானிய இந்திய அரசின் போர்ச் செலவுக்காகப் பெருமளவில் பணத்தாள்கள் வெளியிடப்பட்டன. 1939க்கும் 1945க்கும் இடையே இந்தியாவில் மொத்த விலைகள் இரு மடங்குக்கும் மேல் உயர்ந்தன. ஒரே ரூபாயையும் ஒரே சந்தையையும் பகிர்ந்துகொள்ளும் பகுதிகளிடையே அரசியல் எல்லை விலை உயர்வுக்குத் தடையாவதில்லை என்பதை இக்காலம் விளக்குகிறது. சுங்க ஒன்றியம் 1949இல் முடிவுற்றது. காரைக்காலின் நிருவாகம் 1954 நவம்பர் 1 அன்று இந்தியாவிடம் வந்தது. சட்டப்படியான இணைப்பு 1962 ஆகத்து 16 அன்று நடைமுறைக்கு வந்தது.

நிதி அமைப்பு

1963ஆம் ஆண்டின் ஒன்றியப் பகுதிகள் ஆட்சிச் சட்டத்தின்படி புதுச்சேரிக்குச் சட்டமன்றமும் தனித் தொகுப்பு நிதியும் உண்டு. ஆயினும் ஒன்றிய வரிகளை மாநிலங்களுக்குப் பகிர்ந்தளிக்கும் நிதி ஆணையத்தின் வரம்புக்குள் புதுச்சேரி வராது. ஒன்றிய அரசின் உதவி உள்துறை அமைச்சகத்தின் வழியாக மானியமாகக் கிடைக்கிறது. 2007 திசம்பர் 17 முதல் புதுச்சேரிக்குத் தனிப் பொதுக் கணக்கு ஏற்படுத்தப்பட்டது. அதன் பின்னர் சந்தைக் கடன் திரட்டும் முறை தொடங்கியது. 2025-26ஆம் நிதியாண்டுக்கான வரவு செலவுத் திட்டத்தின் அளவு 13,600 கோடி ரூபாய் ஆகும்.

எரிபொருள் வரி

2017 சூலை 1 முதல் சரக்கு மற்றும் சேவை வரி நடைமுறைக்கு வந்தபின், அவ்வரிக்குள் வரும் பொருள்களுக்குக் காரைக்காலிலும் அண்டையிலுள்ள நாகூரிலும் ஒரே வரிவீதமே பொருந்துகிறது. பெட்ரோல், டீசல், மது ஆகியவை இதற்கு வெளியே உள்ளன. ஆகவே விலைமட்டத்தை நேரடியாக மாற்றுவதற்குப் புதுச்சேரி அரசிடம் எஞ்சியுள்ள முக்கியக் கருவிகளுள் ஒன்று எரிபொருள் மீதான மதிப்புக் கூட்டு வரி ஆகும்.

ஒன்றியக் கலால் வரி லிட்டருக்கு இவ்வளவு என விதிக்கப்படுகிறது. மதிப்புக் கூட்டு வரியோ விலையில் ஒரு விழுக்காடாகும். எனவே எண்ணெய் விலை ஏறும்போது வரித்தொகையும் தானாக ஏறி, விலை உயர்வைப் பெரிதாக்குகிறது. 2021 நவம்பரில் ஒன்றிய அரசு கலால் வரியைக் குறைத்தபோது புதுச்சேரியும் தன் வரியைக் குறைத்தது. 2025 சனவரியில் அவ்வரி மீண்டும் உயர்த்தப்பட்டது. டீசல் விலை சரக்குந்து வாடகை, விசைப்படகுச் செலவு ஆகியவற்றின் வழியாகப் பிற பொருள்களின் விலையிலும் சேர்கிறது.

அரிசியா, பணமா?

2015 செப்டம்பரில், உணவு மானியத்தைப் பணமாக வங்கிக் கணக்கில் செலுத்தும் திட்டம் சண்டிகரிலும் புதுச்சேரியிலும் தொடங்கப்பட்டது. புதுச்சேரி அரசின் இலவச அரிசித் திட்டத்திலும் இதே கேள்வி எழுந்தது. முதலமைச்சர் வே. நாராயணசாமி அரிசியாகவே வழங்க வேண்டும் என்றார். துணைநிலை ஆளுநர் கிரண் பேடி பணமாக வழங்க வேண்டும் என்றார். ஒன்றிய அரசு பணமாக வழங்குவதை ஏற்றது. இதை எதிர்த்த முதலமைச்சரின் மனுவைச் சென்னை உயர் நீதிமன்றம் 2020இல் தள்ளுபடி செய்தது. 2024இல் ந. ரங்கசாமி தலைமையிலான அரசு நியாயவிலைக் கடைகளை மீண்டும் திறந்து அரிசி வழங்கத் தொடங்கியது.

பணமாக வழங்குவதால் போக்குவரத்துச் செலவும் கசிவும் குறையும் என்பது ஆதரவாளர் வாதம். ஆனால் அதில் விலை உயர்வின் சுமை பயனாளியைச் சேர்கிறது. எடுத்துக்காட்டாக, அரிசி கிலோ 30 ரூபாயாக இருக்கும்போது 600 ரூபாய்க்கு 20 கிலோ வாங்கலாம். விலை 40 ரூபாயானால் 15 கிலோவும், 50 ரூபாயானால் 12 கிலோவும் மட்டுமே கிடைக்கும். அரிசியாக வழங்கினால் குடும்பத்திற்குக் கிடைக்கும் அளவு மாறாது. கூடுதல் செலவை அரசு ஏற்கும்.

பணவீக்கம் அரசு நிதியைப் பாதிக்கும் விதம்

புதுச்சேரி அரசு ஊழியர்களுக்கு ஒன்றிய அரசின் ஊதிய முறை பின்பற்றப்படுகிறது. அகவிலைப்படி நுகர்வோர் விலைக் குறியீட்டின் அடிப்படையில் ஆண்டுக்கு இருமுறை திருத்தப்படுவதால், பணவீக்கம் ஊதிய, ஓய்வூதியச் செலவுகளை உயர்த்துகிறது. குறியீட்டுடன் இணைக்கப்படாத உதவித்தொகைகளின் மதிப்போ அரசாணை எதுவுமின்றியே குறைந்துவிடுகிறது. பழைய கடன்களின் உண்மைச் சுமை பணவீக்கத்தால் குறைந்தாலும், புதிய கடன்களுக்கான வட்டி உயரக்கூடும். ஆகவே ஒரு திட்டத்தின் பயனை ஒதுக்கப்பட்ட ரூபாயைக் கொண்டு மட்டுமன்றி, அந்த ரூபாயால் வாங்கக்கூடிய பொருளின் அளவைக் கொண்டும் மதிப்பிட வேண்டும்.

இவற்றையும் பார்க்க

பணவீக்கம்
நிதிக் கொள்கை
பொது வழங்கல் முறை
புதுச்சேரி அரசு