அண்ணாதுரை, சி. என். (1909–1969): மேடையும் மடலும்

பேச்சாளர், இதழாசிரியர், தமிழக முதலமைச்சர். காஞ்சிபுரத்தில் 1909 செப்டம்பர் 15 அன்று பிறந்தார். 1936இல் சென்னை மாநகராட்சித் தேர்தலில் பெத்துநாயக்கன்பேட்டையில் நின்று தோற்றார். வடசென்னை அவரை அரவணைத்தது பிற்பாடுதான். 1949 செப்டம்பரில் ராயபுரம் ராபின்சன் பூங்காவில், கொட்டும் மழையில், அவர் தொடங்கிய திராவிட முன்னேற்றக் கழகத்தின் முதல் கூட்டம் நடந்தது. பெய்த மழைக்கும் கூட்டம் கலையவில்லை. வெள்ளைக்காரர் பெயர் தாங்கிய அந்த இடம் இன்று அறிஞர் அண்ணா பூங்கா.

1942இல் தொடங்கிய ‘திராவிட நாடு’ இதழில் 1955 முதலும், பின்னர் ‘காஞ்சி’யிலும் தொண்டர்களுக்குக் கடிதம் எழுதினார். விளிப்பு ‘தம்பி’, முடிவில் ‘அண்ணன்’ என்று கையொப்பம். சட்டமன்ற விவாதம், ஊர்க்கதை, வெளிநாட்டு வரலாறு, தேர்தல் கணக்கு எல்லாம் ஒரே மடலில் கலந்து வரும். அடுக்குமொழி மேடையில் முழங்கியது. கடிதத்திலோ குரல் தணிந்து, திண்ணையில் பக்கத்தில் உட்கார்ந்து பேசுவது போலாகிவிடும். சில மடல்கள் நீளம்தான். அண்ணனுக்குச் சுருக்கமாகப் பேசவராது.

ரோமாபுரியின் பேச்சாளர் சிசரோவோடு அவரை ஒப்பிடுவோர் உண்டு. ஆனால் நண்பர் அட்டிகசுக்கு சிசரோ எழுதியவை அந்தரங்கக் கடிதங்கள். அச்சத்தையும் மனக்குழப்பத்தையும் மறைக்காதவை. அண்ணாவின் மடல்களோ ஊரறியப் படிப்பதற்கென்றே எழுதப்பட்டவை. சிசரோவின் முடிவு கி.மு. 43இல் கொலை, தலையையும் கைகளையும் அவர் பேசிய மேடையிலேயே காட்சிக்கு வைத்தார்கள். 1967 மார்ச்சில் முதல்வரான அண்ணா, 1969 பிப்ரவரி 3 அன்று புற்றுநோயால் இறந்தார். அவ்வாண்டுப் பொங்கலுக்கும் தம்பிக்கு மடல் எழுதியிருந்தார்.