வாழ்வைத் தேடிய வாசிப்பு: ஷேக்ஸ்பியரின் ஆசிரியத்துவத்தை ஐயுற்ற நூல்களில் அகச்சான்று

1. சிக்கல்

ஒரு நூலை இயற்றியவர் யார் என்ற கேள்வி எழுந்தால் அகச்சான்று, புறச்சான்று இரண்டையும் எடைபோட்டுப் பார்ப்பது ஆராய்ச்சி வழக்கம். ஷேக்ஸ்பியரைப் பொறுத்தவரை புறச்சான்றுக்குப் பஞ்சமில்லை. 1598இல் பிரான்சிஸ் மியர்ஸ் அவர் பெயரில் 12 நாடகங்களைப் பட்டியலிட்டார். 1616ஆம் ஆண்டு உயிலில், ஸ்ட்ராட்ஃபோர்டு ஷேக்ஸ்பியர் தம் குழுவின் நடிகர்களான ஹெமிங்ஸ், பர்பேஜ், காண்டெல் மூவருக்கும் நினைவு மோதிரம் வாங்கிக்கொள்ளப் பணம் ஒதுக்கியிருக்கிறார். அவர்களுள் ஹெமிங்ஸும் காண்டெலும்தான் 1623இல் 36 நாடகங்களைத் தொகுத்து 'முதல் ஃபோலியோ'வாக வெளியிட்டவர்கள். அவற்றுள் 18 நாடகங்கள் அதற்கு முன் அச்சேறாதவை.

இவ்வளவு இருந்தும், 1850கள் முதல் இன்றுவரை, 'எழுதியவர் அவரல்லர்' என்று வாதிடும் நூல்கள் வந்தபடியே இருக்கின்றன. ஆசிரியராக முன்வைக்கப்பட்டவர்களும் ஒருவர் இருவரல்லர்: பிரான்சிஸ் பேக்கன், ஆக்ஸ்ஃபோர்டு பிரபு எட்வர்ட் டி வியர், டார்பி பிரபு வில்லியம் ஸ்டான்லி, கிறிஸ்டபர் மார்லோ, ஹென்றி நெவில் எனப் பட்டியல் நீள்கிறது. இந்நூல்களைக் கிறுக்குத்தனம் என்று ஒதுக்குவது எளிது. ஆனால், அவற்றைச் செலுத்துவது நம் இலக்கிய ஆராய்ச்சியிலேயே புழங்கும் ஒரு பழக்கம். ஆகவே அவற்றைப் படித்துப் பார்ப்பதில் பயனுண்டு.

அகச்சான்று என்று நாம் பொதுவாகச் சொல்வதில் இரண்டு வேறு பொருள்கள் கலந்து கிடக்கின்றன. பாத்திரத்தின் துயரிலும் கதையின் திருப்பத்திலும் ஆசிரியரின் சொந்த வாழ்வைத் தேடுவது ஒன்று. இதை 'வாழ்வுச் சான்று' எனலாம். யாப்பு, சொல்லாட்சி, மேடைக்குறிப்பு, நடிகர் தேவை ஆகியவற்றில் எழுதுபவரின் கைப்பழக்கத்தைத் தேடுவது மற்றொன்று, இது 'தொழிற்சான்று'. ஐயவாதிகளின் நூல்கள் பெரும்பாலும் முதலாவதன்மேல் கட்டப்பட்டவை. ஆசிரியத்துவம் பற்றி நமக்குக் கிடைத்துள்ள உறுதியான புது அறிவோ இரண்டாவதிலிருந்து வந்தது. இந்த வேறுபாட்டை நிறுவுவதே இக்கட்டுரையின் நோக்கம்.

2. ஐயத்தின் தாய்வீடு

வாழ்வுச் சான்றைத் தொடங்கிவைத்தவர்கள் ஐயவாதிகள் அல்லர். ஷேக்ஸ்பியர் ஆராய்ச்சிக்கு அடித்தளமிட்ட பதிப்பாசிரியர் எட்மண்ட் மலோனே அப்பாதையை வகுத்தார். நாடகங்களைக் கால வரிசைப்படுத்த முயன்ற அவர், 'கிங் ஜான்' நாடகத்தில் மகனைப் பிரிந்த தாய் கான்ஸ்டன்ஸின் புலம்பலில், 1596இல் இறந்த ஷேக்ஸ்பியரின் மகன் ஹாம்னெட்டுக்கான துக்கத்தைக் கேட்டார். நாடகங்களில் சட்டச் சொற்கள் மலிந்திருப்பதைக் கண்டு, கவிஞர் இளமையில் ஊர் வழக்கறிஞர் ஒருவரிடம் எழுத்தராக இருந்திருக்கலாம் என ஊகித்தார். 2010இல் வெளிவந்த 'கண்டெஸ்டெட் வில்' நூலில் ஜேம்ஸ் ஷபிரோ இந்தத் தொடக்கத்தை விரிவாக எடுத்துக்காட்டியுள்ளார்.

அந்தச் சட்ட ஊகம் பின்னர் எங்கெல்லாம் போனது என்று பின்தொடர்ந்தால் வேடிக்கை புரியும். 1859இல் கேம்பெல் பிரபு ஷேக்ஸ்பியரின் சட்ட அறிவை ஆராய்ந்து ஒரு நூலே எழுதினார். 1908இல் ஜார்ஜ் கிரீன்வுட் அதே வாதத்தைத் திருப்பிப் போட்டார்: இவ்வளவு சட்டம் தெரிந்தவர் ஸ்ட்ராட்ஃபோர்டு கையுறை வணிகரின் மகனாக இருக்க முடியாது. அடுத்த ஆண்டே 'இஸ் ஷேக்ஸ்பியர் டெட்?' நூலில் மார்க் ட்வெயின் கிரீன்வுட்டைப் பிடித்துக்கொண்டார். மலோன் கவிஞரை அறியப் பயன்படுத்திய கருவி, 120 ஆண்டுக்குள் அதே கவிஞரை வெளியேற்றும் கருவியாயிற்று. 1913இல் ஜே. எம். ராபர்ட்சன் சக நாடகாசிரியர்களையும் படித்துப் பார்த்து, சட்டச் சொற்கள் அக்கால மேடைக்கே பொதுச் சொத்து என்று காட்டினார். வழக்காடுவதைப் பொழுதுபோக்காகக் கொண்ட ஒரு சமூகத்தில் அதில் வியப்பில்லை. ஒப்பிடாமல் ஒருவரை மட்டும் படித்ததன் விளைவே அந்த ஊகம்.

3. மறையெழுத்தும் ஃப்ரீட்மன் சோதனையும்

1857இல் டெலியா பேக்கன், நதானியல் ஹாதார்னின் முன்னுரையோடு, நாடகங்களுக்குள் ஓர் அரசியல் தத்துவம் ஒளிந்திருக்கிறது என்ற நூலை வெளியிட்டார். அவருக்குப் பின் வந்தவர்கள் தத்துவத்தை விட்டு எழுத்துகளை எண்ணத் தொடங்கினர். 1888இல் அமெரிக்க அரசியல்வாதி இக்னேஷியஸ் டானலி 'தி கிரேட் கிரிப்டோகிராம்' நூலில், பேக்கனின் ரகசியச் செய்தி நாடகத்துக்குள் எண்கணக்காக மறைந்திருப்பதாகச் சொன்னார். 1910இல் எட்வின் டர்னிங்-லாரன்ஸ் 'லவ்ஸ் லேபர்ஸ் லாஸ்ட்' நாடகத்தின் நெடிய லத்தீன் சொல் ஒன்றைக் கலைத்து அடுக்கி, பேக்கனைச் சுட்டும் லத்தீன் வாக்கியம் ஒன்றை உருவாக்கினார்.

இந்த ஆட்டத்தை முடித்துவைத்தவர்கள் வெளியாட்கள் அல்லர். பேக்கன் கட்சியைச் சேர்ந்த எலிசபெத் வெல்ஸ் காலப்பின் மறையெழுத்து ஆராய்ச்சிக்கு உதவ அமெரிக்காவின் ரிவர்பேங்க் ஆய்வகத்தில் பணியாற்றியபோது சந்தித்து மணந்துகொண்ட வில்லியம், எலிசபெத் ஃப்ரீட்மன் தம்பதியர் பின்னாளில் அந்நாட்டின் தலைசிறந்த மறைகுறி வல்லுநர்கள் ஆயினர். 1957இல் கேம்பிரிட்ஜ் வெளியிட்ட தம் நூலில் அவர்கள் வைத்த சோதனை எளியது: மறையெழுத்து உண்மையானால், அதே முறையைக் கையாளும் எவருக்கும் அதே விடை கிடைக்க வேண்டும். பேக்கன் கட்சியின் முறைகள் எதுவும் தேறவில்லை.

இச்சோதனையை மறையெழுத்தோடு நிறுத்திக்கொள்ள வேண்டியதில்லை. வாழ்வுச் சான்றுக்கும் அது உரைகல்லாகும்.

4. லூனியின் பட்டியல்

1920இல் வந்த தாமஸ் லூனியின் 'ஷேக்ஸ்பியர் ஐடென்டிஃபைடு' இத்துறையிலேயே அதிகச் செல்வாக்குப் பெற்ற நூல். ஃபிராய்டையே அது கவர்ந்தது. பள்ளி ஆசிரியரான லூனி முறையோடு தொடங்குகிறார். நாடகங்களைப் படித்து ஆசிரியருக்குரிய 18 பண்புகளை வகுக்கிறார்: உயர்குடிப் பிறப்பு, இத்தாலியில் மோகம், பருந்து வேட்டை போன்ற விளையாட்டுகளில் ஈடுபாடு, பணத்தில் அலட்சியம், பெண்களிடம் தடுமாறும் மனநிலை முதலியவை. பிறகு, 'வீனஸ் அண்ட் அடோனிஸ்' காவியத்தின் ஆறடிச் செய்யுள் வடிவத்தில் வேறு யார் எழுதியிருக்கிறார் என்று தொகைநூலொன்றைப் புரட்டி டி வியரைக் கண்டடைகிறார்.

பட்டியலின் குறை அதன் பிறப்பிலேயே இருக்கிறது. பாத்திரங்களின் குணங்களை ஆசிரியர்மேல் ஏற்றிய கணமே விடை பாதி முடிவாகிவிட்டது. மன்னர்களும் பிரபுக்களும் நிறைந்த நாடகங்களிலிருந்து பிரபு ஒருவரை வடித்தெடுப்பது கடினமல்ல. லூனியைப் பின்பற்றியவர்கள், டி வியருக்கு மூன்று மகள்கள் என்பதால் 'கிங் லியர்' அவர் குடும்பக் கதை என்றனர். ஆனால் லியரின் மூன்று மகள்களும் பழைய வரலாற்று ஏடுகளிலேயே இருக்கிறார்கள். 1605இல் அச்சான பெயரறியா ஆசிரியரின் 'கிங் லெயர்' நாடகத்திலும் இருக்கிறார்கள்.

டி வியர் 1604இல் இறந்துவிட்டார் என்பது அடுத்த இடர். 'எட்டாம் ஹென்றி' நாடகம் 1613 ஜூனில் குளோப் அரங்கு எரிந்த நாளில் நடந்தது. அதை அன்று புதிய நாடகம் என்றே குறித்தார்கள். அதே இடரைத் தந்த 'தி டெம்பஸ்ட்' நாடகத்தை லூனி எதிர்கொண்ட விதம் இன்னும் பாடம் தருவது. அது ஷேக்ஸ்பியர் எழுதியதே அல்ல என்று பிற்சேர்க்கையில் வாதிட்டு, அதைத் தொகுப்பிலிருந்தே நீக்க முயன்றார். காலுக்குச் செருப்புப் பொருந்தாதபோது காலை வெட்டிய கதை இது.

மியர்ஸ் 1598இலேயே, நல்ல இன்பியல் எழுதுவோர் பட்டியலில் ஆக்ஸ்ஃபோர்டு பிரபுவையும் ஷேக்ஸ்பியரையும் தனித்தனி ஆட்களாகக் குறித்திருக்கிறார் என்பதையும் இங்கே சேர்த்துப் பார்க்க வேண்டும். ஃப்ரீட்மன் சோதனையை இங்கே வைத்துப் பார்ப்போம். அதே நாடகங்களைப் படித்து டெலியாவின் வழிவந்தவர்கள் பேக்கனையும், லூனி டி வியரையும், பிரெஞ்சு அறிஞர் ஏபெல் லெஃப்ராங்க் டார்பி பிரபுவையும் கண்டார்கள். ஒரே பூட்டுக்கு மூன்று சாவிகளும் பொருந்துகின்றன என்றால் அந்தப் பூட்டு எதையும் காப்பதில்லை.

5. தனக்கொரு பாட்டன்

ஓர் ஐய மரபு தனக்கு மூதாதையையும் உருவாக்கிக்கொண்டது. 1932இல் ஆலர்டைஸ் நிக்கால், லண்டன் பல்கலைக்கழகத்திலுள்ள டர்னிங்-லாரன்ஸ் நூலகத்துக் கையெழுத்துப்படி ஒன்றை வெளிப்படுத்தினார். ஜேம்ஸ் கார்ட்டன் கவல் என்பவர் 1805இல் இப்ஸ்விச்சில் ஆற்றிய உரைகளாக அது தன்னைச் சொல்லிக்கொண்டது. ஜேம்ஸ் வில்மட் என்ற பாதிரியார் ஸ்ட்ராட்ஃபோர்டு சுற்றுவட்டாரமெங்கும் ஷேக்ஸ்பியரின் புத்தகங்களைத் தேடி, ஒன்றும் கிடைக்காமல் 1785 வாக்கிலேயே பேக்கன்தான் ஆசிரியர் என்று முடிவு செய்ததாக அதில் கதை. நெடுநாள் இது வரலாறாகவே எடுத்தாளப்பட்டது.

ஷபிரோ அந்தப் படியைக் கையிலெடுத்துப் படித்தபோது இரு இடங்கள் உறுத்தின: ஷேக்ஸ்பியர் மால்ட் தானியம் பதுக்கியதும், வட்டிக்குக் கடன் கொடுத்ததும் அதில் பேசப்பட்டிருந்தன. அவற்றைச் சொல்லும் ஆவணங்கள் 1805இல் யாருக்கும் தெரியா. 19ஆம் நூற்றாண்டின் நடுவில்தான் அவை வெளிச்சத்துக்கு வந்தன. உரை போலி என்பதை அதுவே காட்டிக்கொடுத்தது. போலிக்காரர் வாழ்க்கைத் தகவல்களைக் கொட்டினார். அவை அறியப்பட்ட காலத்தைத்தான் மறந்துவிட்டார்.

6. தொழிலின் தடம்

இனி மறுபக்கம். 'ரோமியோ அண்ட் ஜூலியட்' 1599 பதிப்பில், நான்காம் அங்கத்தில் பீட்டர் என்ற வேலைக்காரன் வர வேண்டிய இடத்தில் மேடைக்குறிப்பு 'வில் கெம்ப்' வருவதாகச் சொல்கிறது. கெம்ப் என்பவர் குழுவின் நகைச்சுவை நடிகர். 1600இல் அச்சான 'மச் அடூ அபவுட் நத்திங்' நாடகத்திலும் டாக்பெர்ரி பேசும் வரிகளுக்கு முன்னால் கெம்ப், வெர்ஜஸுக்கு முன்னால் கௌலி என நடிகர் பெயர்களே விழுந்திருக்கின்றன. எழுதிக்கொண்டிருந்தவர் மனக்கண்ணில் பாத்திரத்துக்கு முன் நடிகரின் முகம் வந்து நின்றிருக்கிறது. அரண்மனையில் அமர்ந்து ரகசியமாக எழுதியனுப்பிய பிரபு ஒருவரைவிட, ஒத்திகையில் கெம்ப்போடு நின்ற பங்காளி ஒருவரிடமே இப்பிழையை எதிர்பார்க்கலாம்.

'பெரிக்ளிஸ்' இன்னும் தெளிவான எடுத்துக்காட்டு. 1609இல் அது ஷேக்ஸ்பியர் பெயரில் மட்டும் வெளிவந்தது, ஃபோலியோவில் இடம்பெறவில்லை. 1868இல் நிக்கோலவுஸ் டெலியுஸ், நடையை அளந்து, இதில் ஜார்ஜ் வில்கின்ஸ் என்ற எழுத்தாளரின் கை இருக்கிறது என்றார். வாழ்க்கை வரலாற்றுச் சான்று அவரிடம் ஏதுமில்லை. நாற்பதாண்டு கழிந்து, சார்லஸ், ஹல்டா வாலஸ் தம்பதியர் லண்டன் ஆவணக் காப்பகத்தில் 1612ஆம் ஆண்டு வழக்கொன்றைக் கண்டெடுத்தனர். சில்வர் தெருவில் தலையலங்காரப் பொருள்கள் செய்யும் மவுண்ட்ஜாய் என்பவர் தம் மருமகன் பெலட்டுக்கு வாக்களித்த சீதனத்தைத் தராததால் எழுந்த வழக்கு அது. சாட்சிகளுள் ஒருவர் ஸ்ட்ராட்ஃபோர்டைச் சேர்ந்த வில்லியம் ஷேக்ஸ்பியர், வயது ஏறத்தாழ 48; அந்த வீட்டில் குடியிருந்தவர். இன்னொரு சாட்சி ஜார்ஜ் வில்கின்ஸ். திருமணத்துக்குப் பின் பெலட் தம்பதியர் தங்கியது வில்கின்ஸ் வீட்டில்தான்.

2003இல் மெக்டானல்ட் ஜாக்சன் எதுகை, சொற்பயன்பாடு முதலியவற்றை மீண்டும் அளந்து டெலியுஸின் முடிவுக்கே வந்தார். இரு வேறு காலம், இரு வேறு முறை, ஒரே விடை. இடையில் நீதிமன்றக் காகிதமொன்று இருவரும் ஒரே வட்டத்தில் பழகியதைக் காட்டுகிறது. ஃப்ரீட்மன் சோதனையில் தேறுவது இதுதான். நாடகாசிரியர்கள் ஃபிளெட்சர், மிடில்டன், பீல் ஆகியோரின் கைகளும் பிற நாடகங்களில் இவ்வாறே இனங்காணப்பட்டன. 'எட்டாம் ஹென்றி'யில் ஃபிளெட்சரை 1850இல் இனங்கண்டவர் ஜேம்ஸ் ஸ்பெடிங். பேக்கனின் படைப்புகளை வாழ்நாளெல்லாம் பதிப்பித்த அவரே, பேக்கன் இந்நாடகங்களை எழுதியிருக்க முடியாது என்று அடித்துச் சொன்னார். இருவர் நடையும் அவருக்கு அத்துப்படி.

7. எதிர்வாதம்

டயானா பிரைஸ் 2001இல் முன்வைத்த வாதம் ஐயவாதிகளின் வலுவான வாதம். சக எழுத்தாளர் பலருக்கு அவர்கள் வாழ்ந்த காலத்திலேயே கடிதம், கையெழுத்துப்படி, ஊதியச் சீட்டு என எழுத்துத் தொழிலின் காகிதத் தடம் இருக்கிறது. ஷேக்ஸ்பியருக்கு ஆறு கையொப்பங்கள். உயிலில் ஒரு புத்தகமும் இல்லை. இதைத் தட்டிக்கழிக்கக் கூடாது. ஆனால் இறந்தபின் எழுந்த சாட்சியங்களை ஒதுக்கினால் மட்டுமே இக்கணக்கு நிற்கும். அப்படி ஒதுக்கப்படுவது ஹெமிங்ஸ், காண்டெல், நாடகாசிரியர் பென் ஜான்சன் மூவரின் சாட்சியம். மூவரும் அவரோடு வேலை செய்தவர்கள். ஸ்ட்ராட்ஃபோர்டுக்காரரிடம் கடும் புறச்சான்று கேட்பவர்கள், டி வியருக்கு வந்ததும் மகள்களின் எண்ணிக்கையோடு திருப்தியடைகிறார்கள். தராசு ஒன்றாக இருக்க வேண்டும்.

8. முடிவு

ஐயவாத நூல்களுக்கு மறுப்பு எழுதும்போது, ஹாம்னெட்டின் சாவை 'ஹாம்லெட்'டில் தேடும் வாழ்க்கை வரலாறுகளையும் அதே தராசில் நிறுத்தியாக வேண்டும். மலோனின் ஊகத்தைப் பாராட்டிவிட்டு லூனியின் ஊகத்தைக் கேலி செய்வது முறையாகாது. இரண்டுக்கும் இலக்கணம் ஒன்றே. கவிதையிலிருந்து கவிஞரின் மனத்துயரை எடுத்துவரும் கட்டுரையாளர் எவரும், அதே வழியில் இன்னொருவர் இன்னொரு கவிஞரைக் கொண்டுவர முடியாதா என்று ஒருமுறை கேட்டுக்கொள்ள வேண்டும். 'ஷேக்ஸ்பியரை எழுதியவர் யார்?' என்ற கேள்விக்குத் தொழிற்சான்று தரும் விடை ஐயவாதிகள் தேடிய மறைந்த மேதையைக் காட்டவில்லை. ஸ்ட்ராட்ஃபோர்டுக்காரர் ஒருவரையும், அவரோடு ஒரே நாடகத்தைப் பங்கிட்டு எழுதிய வில்கின்ஸ், ஃபிளெட்சர் போன்றவர்களையும், எழுதும்போதே கண்முன் வந்து நின்ற கெம்ப்பையும் காட்டுகிறது.