போர்க்காலத்தில் பேசிய மன்றம்: 1962இல் தில்லியும் தமிழர் குரலும்

கரோல் பாகிலும் லோதி காலனியிலும் குடியிருந்த நம் பெரியவர்களிடம் 1962ஐப் பற்றிக் கேட்டால், ஜவான்களுக்கு ஸ்வெட்டர் பின்னியது, பாதுகாப்பு நிதிக்கு வளையலைக் கழற்றிக் கொடுத்தது, ரேடியோவைச் சுற்றி உட்கார்ந்து செய்தி கேட்டது என்று நிறையச் சொல்லுவார்கள். அதே நாட்களில், பஸ் ஏறினால் போய்ச் சேருகிற தூரத்தில் இருந்த நாடாளுமன்றத்தில் என்ன பேசினார்கள் என்பதை மட்டும் அவ்வளவாக யாரும் நினைவுகூர்வதில்லை. அந்தப் பேச்சில் தமிழர்களுக்கும் ஒரு முக்கியப் பங்கு உண்டு. அதைத்தான் இங்கே சுருக்கமாகப் பார்க்கப் போகிறோம்.

புல் முளைக்காத நிலம்

சீன மக்கள் குடியரசு 1949இல் பிறந்தது. இந்தியா 1950இல் குடியரசு ஆயிற்று. இரண்டும் 1954இல் பஞ்சசீல ஒப்பந்தம் செய்துகொண்டன. ஆனால் எல்லை எது என்பதில் தெளிவு ஏற்படவில்லை. லடாக்கின் கிழக்கே, சுமார் 38,000 சதுர கிலோமீட்டர் பரப்புள்ள அக்சாய் சின் வழியாகச் சீனா ஒரு சாலை போட்டு, 1957இல் முடித்தும் விட்டது. 1959 ஆகஸ்டில்தான் பிரதமர் நேரு இதை மக்களவையில் வெளிப்படையாகச் சொன்னார். எதிர்க்கட்சிகள் கொதித்தன. இரு நாடுகளுக்கிடையே நடந்த கடிதப் போக்குவரத்தை வெள்ளை அறிக்கைகளாக அரசு வெளியிட வேண்டியதாயிற்று.

அங்கே ஒரு புல்கூட முளைக்காது என்று நேரு சொன்னதும், காங்கிரஸ் உறுப்பினர் மகாவீர் தியாகி தம் வழுக்கைத் தலையைக் காட்டி, இங்கேயும்தான் ஒன்றும் முளைக்கவில்லை, இதையும் கொடுத்துவிடலாமா என்று கேட்டதாகச் சொல்லப்படுவதும் பலரும் அறிந்த கதை. கேட்டவர் எதிர்க்கட்சிக்காரர் அல்ல, சொந்தக் கட்சிக்காரர் என்பதுதான் இதில் கவனிக்க வேண்டியது.

1960 ஏப்ரலில் சீனப் பிரதமர் சூ என்லாய் தில்லி வந்தார், பேச்சு பலிக்கவில்லை. 1961 இறுதியில் இருந்து இந்தியா எல்லையோரம் முன்னேறிச் சிறுசிறு காவல் சாவடிகள் அமைத்தது. போருக்கு இதுவே காரணம் என்றது சீனா. சாலை போட்டு நிலத்தைப் பிடித்தவர்கள் யார் என்று கேட்டது இந்தியா. 1962 அக்டோபர் 20ஆம் தேதி கிழக்கிலும் மேற்கிலும் சீனப்படை தாக்கியது.

துப்பாக்கிச் சத்தத்தின் நடுவே விவாதம்

நாடாளுமன்றத்தை உடனே கூட்டுங்கள் என்று கேட்டவர்களில் முன் நின்றவர், அப்போது 38 வயதுகூட முடிக்காத மாநிலங்களவை உறுப்பினர் அடல் பிகாரி வாஜ்பாய். நேரு மறுக்கவில்லை. கூட்டத்தொடர் முன்கூட்டியே நவம்பர் 8ஆம் தேதி தொடங்கியது. கதவைச் சாத்திக்கொண்டு ரகசியமாகப் பேசலாமே என்ற யோசனை வந்தபோது அதையும் அவர் ஏற்கவில்லை. எல்லையில் நாம் தோற்றுக்கொண்டிருந்த வேளையில் மக்களவையில் ஒரு வாரம் விவாதம் நடந்தது; 165 உறுப்பினர்கள் பேசினார்கள்.

அதற்கு முந்தின நாளே பாதுகாப்பு அமைச்சராக இருந்த வி.கே. கிருஷ்ண மேனன் அமைச்சரவையை விட்டே போயிருந்தார். அவரை நீக்கச் சொல்லி அதிகம் நெருக்கியவர்கள் காங்கிரஸ் உறுப்பினர்கள்தாம். சுதந்திராக் கட்சி, அணிசேராக் கொள்கையையே கைவிட்டு மேற்கு நாடுகளோடு சேர வேண்டும் என்றது. அந்தக் கட்சியை 1959இல் தொடங்கியவர் நம் ராஜாஜி. கம்யூனிஸ்டுகளின் பாடுதான் திண்டாட்டம். நாட்டின் பாதுகாப்பை ஆதரித்து நவம்பர் முதல் தேதி அவர்களுடைய தேசியக் குழு தீர்மானம் போட்டது; உள்ளே மனம் ஒட்டவில்லை. 1964இல் கட்சி உடைந்தபோது குழுவிலிருந்து வெளியேறிய 32 பேரில் பி. ராமமூர்த்தியும் என். சங்கரய்யாவும் இருந்தார்கள்.

ஆக்கிரமித்தவரை இந்திய மண்ணிலிருந்து விரட்டுவோம் என்ற தீர்மானம் நவம்பர் 14ஆம் தேதி நிறைவேறியது. ஆனால் ஒரு வாரம் முடிவதற்குள் சேலாவும் பொம்டிலாவும் விழுந்தன. நவம்பர் 21ஆம் தேதி சீனா தானாகவே போர் நிறுத்தம் அறிவித்தது. கிழக்கில் பிடித்த இடங்களை விட்டுப் பின்வாங்கினார்கள். அக்சாய் சின்னை விடவில்லை.

அண்ணாவின் எட்டு மாதங்கள்

இனி நம் கதைக்கு வருவோம். 1962 தேர்தலில் தி.மு.க. சென்னைச் சட்டமன்றத்தில் 50 இடங்களைப் பிடித்தது. அண்ணாவோ காஞ்சிபுரத்தில் தோற்று, மாநிலங்களவை உறுப்பினராகத் தில்லி வந்தார். மே முதல் தேதி கன்னிப் பேச்சு. எடுத்த எடுப்பிலேயே, தாம் திராவிட இனத்தைச் சேர்ந்தவர் என்றும், அதனால் மற்றவர்களுக்குப் பகைவர் அல்ல என்றும் சொல்லி, பிரிந்துபோகும் உரிமையைக் கேட்டார். குறுக்கீடுகள் வந்தன. ஆனாலும் மன்றம் அவரைப் பேசவிட்டது.

ஜூலையில் விலைவாசிப் போராட்டத்தில் கைதாகி வேலூர்ச் சிறைக்குப் போனார். வெளியே வந்தபோது நாடு போரில் இருந்தது. பிரிவினைப் பேச்சை நிறுத்தி வைத்து, போர் முயற்சிக்கு முழு ஆதரவு என்று அறிவித்தார். வீடு இருந்தால்தானே ஓடு மாற்ற முடியும் என்ற பொருளில் அவர் பேசியதைத் தமிழ்நாட்டில் இன்றும் எடுத்துச் சொல்லுவார்கள்.

அதன் பிறகுதான் வேடிக்கை. 1963 ஜனவரியில் மத்திய அரசு 16ஆவது அரசியல் சட்டத் திருத்த மசோதாவைக் கொண்டு வந்தது. பிரிவினை கோருபவர் தேர்தலில் நிற்க முடியாது. வேட்பாளரும் உறுப்பினரும் நாட்டின் இறையாண்மையையும் ஒருமைப்பாட்டையும் காப்பதாக உறுதிமொழி எடுக்க வேண்டும். இதற்கு வழி சொன்ன குழுவின் தலைவர் ஒரு தமிழரே: சி.பி. ராமசாமி ஐயர்! ஆபத்துக் காலத்தில் நாங்களாகவே ஆதரவு தந்த பிறகு இந்தச் சட்டம் எதற்கு என்று மாநிலங்களவையில் அண்ணா வாதாடினார். அரசியல் இறையாண்மை மக்களிடம் இருக்கிறது, சட்ட இறையாண்மை மத்திக்கும் மாநிலங்களுக்கும் பகிர்ந்து கிடக்கிறது என்பது அவர் வாதத்தின் சாரம். மசோதா நிறைவேறி, 1963 அக்டோபரில் நடைமுறைக்கு வந்தது. அந்த ஆண்டிலேயே தி.மு.க. பிரிவினைக் கோரிக்கையை முறைப்படி கைவிட்டது.

கோரிக்கை மாறியது போராலா, சட்டத்தாலா என்று ஆய்வாளர்கள் இன்னமும் விவாதிக்கிறார்கள். எனக்குத் தோன்றுவது இது. அண்ணா கைகொடுத்தது 1962 அக்டோபரில். சட்டம் வந்தது அதற்குப் பிறகு. மே மாதம் அவருக்குக் காது கொடுத்த மன்றத்தைத் தம் மன்றம் என்று அவரால் எண்ண முடிந்தது. வாயை அடைத்து வாங்கிய ஒற்றுமையாக இருந்திருந்தால் அது ஆபத்து வேளையில் உதவியிருக்குமா?

இன்னொரு பக்கம்

எல்லாமே பெருமைக்குரியதாக நடந்துவிடவில்லை. அக்டோபர் 26ஆம் தேதி பிரகடனமான நெருக்கடி நிலை, போர் ஒரு மாதத்தில் முடிந்தும், 1968 ஜனவரி வரை நீடித்தது. இடதுசாரிகள் பலர் விசாரணையின்றிச் சிறையில் இருந்தார்கள். தலைமுறைகளாக இங்கே வாழ்ந்த சீன வம்சாவளியினர் ஏறக்குறைய 3,000 பேர் ராஜஸ்தானின் தேவ்லி முகாமில் அடைக்கப்பட்டார்கள். பிழைக்க வந்த ஊரையே சொந்த ஊராக்கிக்கொண்ட நமக்கு, அவர்கள் கதை நெஞ்சில் தைக்க வேண்டும்.

மன்றம் மட்டும் கேள்வி கேட்பதை நிறுத்தவில்லை. 1963 ஆகஸ்டில் ஆச்சார்ய கிருபளானி கொண்டு வந்ததே மக்களவையின் முதல் நம்பிக்கையில்லாத் தீர்மானம். ஆதரவு 62, எதிர்ப்பு 347. தோற்றது, ஆனால் நேரு உட்கார்ந்து கேட்டார், பதிலும் சொன்னார். தோல்வியை ஆராய்ந்த ஹெண்டர்சன் புரூக்ஸ் அறிக்கையைத்தான் அரசு மக்களிடம் வைக்கவே இல்லை. 2014இல் அதன் ஒரு பகுதியை வெளியிட்டவர் ஒரு வெளிநாட்டுப் பத்திரிகையாளர்.

இடித்துச் சொல்ல ஆள் இல்லாத அரசன், கெடுக்கப் பகைவர் இல்லாவிட்டாலும் கெடுவான் என்றார் நம் வள்ளுவர். 1959 முதல் 1962 வரை இடித்துச் சொன்னவர்கள் இருந்தார்கள், கேட்டவர்கள்தாம் குறைவு. அடுத்த முறை எல்லையில் சத்தம் கேட்கும்போது, இப்போது கேள்வி கேட்கலாமா என்று யாராவது நம் வீட்டுப் பிள்ளைகளை அதட்டினால், 1962 நவம்பரில் இதே தில்லியில் ஒரு வாரம் கேட்டார்கள் என்று அவர்கள் பதில் சொல்லட்டும்.